லவ் பேர்ட்ஸ் ‘திடீரென்று’ சாவதில்லை



பதிவு கொஞ்சம் நீளம். வீட்டில் கிளிக்கூடு தொங்குகிறவர்கள் மட்டும் வாசித்தாலும் போதும். ஆனால் இப்போது எங்கட ஊரில் கூடு தொங்காத வீடு குறைவு. அதனால் எல்லோருக்கும் சேர்த்தே எழுதுகிறேன்.

நான் ஆரம்பப் பிரிவில் படிப்பிக்கிறேன். பெருநாள் விடுமுறை முடிந்து பிள்ளைகள் வகுப்புக்கு வரும்போது கேட்கும் கதைகளில் ஒன்று வருசா வருசம் மாறுவதே இல்லை. “டீச்சர், வாப்பா லவ் பேர்ட்ஸ் வாங்கித் தந்தாரு.” இரண்டு மூன்று மாதம் போனால் அதே பிள்ளை வந்து சொல்லும்: “டீச்சர், எங்கட லவ் பேர்ட்ஸ் செத்துப் பெயித்து.” என்ன நடந்தது என்று கேட்டால், “தெரியா டீச்சர். காலையில பார்த்தா கீழ கிடந்திச்சு. திடீரெண்டு செத்துப் பெயித்தாம். வாப்பா வேற வாங்கித் தாறன் எண்டாரு.”

இந்த இரண்டு வசனங்களைப் பற்றித்தான் இந்தப் பதிவு. ‘திடீரென்று செத்துவிட்டது’ என்பது ஒன்று. ‘வேறு வாங்கித் தருகிறேன்’ என்பது மற்றது. முதலாவது பெரும்பாலும் உண்மையல்ல. இரண்டாவது பிள்ளைக்குச் சொல்லக்கூடாத வார்த்தை. ஏன் என்று சொல்கிறேன்.

முதலில் நம் கூட்டில் இருப்பது என்ன பறவை என்று தெரிந்துகொள்வோம். நாம் லவ் பேர்ட்ஸ் என்று சொல்லி வாங்கும் அந்த நீலம், பச்சை, மஞ்சள் நிறச் சின்னக் கிளியின் பெயர் பட்ஜரிகர். சுருக்கமாக பட்ஜி. உண்மையான லவ் பேர்ட் என்பது ஆபிரிக்கப் பக்கத்துக் கிளி, அது வேறு. பட்ஜியின் ஊர் அவுஸ்திரேலியாவின் வரண்ட உட்பகுதி. 1840 இல் ஜோன் கூல்ட் என்ற பறவை ஆய்வாளர் அதை உயிரோடு இங்கிலாந்துக்குக் கொண்டுபோனார். அதற்குப் பிறகுதான் அது உலகம் முழுக்க வீட்டுக் கூடுகளுக்குள் வந்தது. வளர்ந்த ஒரு பறவையின் எடை ஏறத்தாழ 30 முதல் 40 கிராம். நல்ல பராமரிப்பில் ஐந்து முதல் பத்து வருடம் வரை உயிர் வாழக்கூடியது. அப்படிப்பட்ட ஒன்று மூன்று மாதத்தில் செத்தால், அது வயது போய்ச் சாகவில்லை.

காட்டில் பட்ஜி கூட்டமாக வாழும். வல்லூறு வந்தால் கூட்டத்தில் சோர்ந்திருப்பதைத்தான் முதலில் தூக்கும். அதனால் வருத்தத்தை வெளியே காட்டாமல் மறைப்பது இதன் பிறவிக் குணம். முடியாமல் போகும்வரை தின்பது போல் நடிக்கும். உண்மையில் தினையைக் கொறித்துக் கோதைப் பரப்பிக்கொண்டிருக்குமே தவிர, உள்ளே போவது குறைவாக இருக்கும். நம் கண்ணுக்கு அது ‘நல்லா இருக்கு’. ஒரு நாள் மறைக்கவும் தெம்பில்லாமல் போகும்போது கூட்டின் அடியில் வந்து உட்காரும். அந்த நாளைத்தான் நாம் ‘திடீரென்று’ என்கிறோம். பறவைக்கு அது பல நாள் வருத்தத்தின் கடைசி நாள்.

பட்ஜியின் பல நோய்கள் மூச்சில்தான் வெளியே தெரியவரும். அதற்குக் காரணம் அதன் உடல் அமைப்பு.

நமக்கு நெஞ்சுக்கும் வயிற்றுக்கும் நடுவில் பிரிமென்றகடு இருக்கிறது. மூச்சு இழுக்க அது உதவுகிறது. பறவைக்கு அப்படி ஒன்று இல்லை. அதன் நுரையீரல் நம்முடையது போல விரிந்து சுருங்குவதும் இல்லை. உடம்புக்குள் ஒன்பது காற்றுப்பைகள் இருக்கின்றன. மார்பென்பை முன்னும் பின்னும் அசைத்து அந்தப் பைகளால் காற்றை நுரையீரலுக்குள் தள்ளுகிறது. காற்று ஒரே திசையில் ஓடிக்கொண்டே இருப்பதால் பறவை நம்மைவிட நன்றாக ஒட்சிசனை எடுக்கிறது. பறப்பதற்கு அது தேவை. ஆனால் ஒட்சிசனை எவ்வளவு நன்றாக எடுக்கிறதோ, அவ்வளவு நன்றாக நஞ்சையும் எடுத்துவிடும். பிரித்தானியாவின் நிலக்கரிச் சுரங்கங்களுக்குள் 1986 வரை கனேரிக் குருவிகளைக் கொண்டுபோனது இதற்காகத்தான். காபனோரொட்சைட்டு வாயு பரவினால் மனிதனுக்குத் தெரியுமுன் குருவி சாய்ந்துவிடும். சுரங்கக்காரர்கள் அதைப் பார்த்துத் தப்புவார்கள்.

நம் வீட்டுக் கூட்டையும் அந்தக் கனேரியின் இடத்தில்தான் வைத்திருக்கிறோம். ஆனால் நாம் அதைப் பார்ப்பதில்லை.

பார்ப்பது எப்படி?

காலையில் ஒரு நிமிடம் போதும். கூட்டுக்குப் பக்கத்தில் போகாமல் இரண்டு மூன்று அடி தள்ளி நின்று, பறவை அமைதியாக இருக்கும்போது பாருங்கள். நீங்கள் பக்கத்தில் போனால் அது உடம்பை ஒடுக்கி நேராக நின்று நன்றாக இருப்பது போல் காட்டும்.

1. வாலைப் பாருங்கள். சுகமான பறவை அமைதியாக இருக்கும்போது அதன் மூச்சு கண்ணுக்குத் தெரியாது. ஒவ்வொரு மூச்சுக்கும் வால் மேலும் கீழும் பம்பு அடிப்பது போல் ஆடினால், மூச்சு எடுக்கக் கஷ்டப்படுகிறது என்று அர்த்தம். பறந்து வந்து இருந்தாலோ பயந்தாலோ ஒன்றிரண்டு நிமிடம் அப்படி ஆடலாம். ஓய்வாக இருக்கும்போதும் ஆடிக்கொண்டே இருந்தால் அது வருத்தம்.

2. வாயைப் பாருங்கள். பட்ஜி மூக்கால் மூச்சு விடும் பறவை. சொண்டைத் திறந்து வைத்துக்கொண்டு மூச்சு விடுவது நல்லதல்ல. நம் ஊர் வெயிலில் நடுப்பகலில் சிறகை உடம்பிலிருந்து விலக்கி வைத்து வாயைத் திறந்து இளைத்தால் அது வெக்கையாக இருக்கலாம். நிழலுக்கு மாற்றிக் கொஞ்ச நேரத்தில் அது நிற்கவேண்டும். நிற்காவிட்டால் வெக்கை மட்டும் காரணமல்ல.

3. சத்தத்தைக் கேளுங்கள். மூச்சோடு சேர்ந்து ‘டிக் டிக்’ என்றோ, விசில் போலவோ, கீச்சென்றோ ஒரு சத்தம் வருகிறதா? வழக்கமாகக் கத்தும் பறவை கத்தாமல் இருக்கிறதா? குரல் மாறிவிட்டதா? இரவில் கூட்டுக்குத் துணி போட்ட பிறகு வீடு அமைதியாக இருக்கும்போது காதைக் கொடுத்துக் கேட்டால் இன்னும் தெளிவாகத் தெரியும்.

4. மூக்கைப் பாருங்கள். சொண்டுக்கு மேலே மூக்குத் துளைகள் உள்ள இடம் காய்ந்து சுத்தமாக இருக்கவேண்டும். ஈரம், பொருக்கு, துளை அடைத்திருப்பது, மேலே உள்ள இறகு ஒட்டிக் கறை படிந்திருப்பது எல்லாம் அடையாளங்கள். எப்போதாவது ஒரு தும்மல் பரவாயில்லை. நாள் முழுக்கத் தும்மினால் பரவாயில்லை என்று விடமுடியாது.

5. இருக்கும் விதத்தைப் பாருங்கள். இறகை உப்பிக்கொண்டு பகலிலும் கண்ணை மூடியிருக்கிறதா? கழுத்தை மேலே நீட்டி நீட்டி மூச்சு எடுக்கிறதா? சொண்டால் கம்பியைப் பிடித்துக்கொண்டு கழுத்தை நேராக வைத்துத் தூங்குகிறதா? கூட்டின் அடியில் உட்கார்ந்திருக்கிறதா? சுகமான பறவை தூங்கும்போது பெரும்பாலும் ஒரு காலைத் தூக்கிக்கொண்டு மேல் தடியில் இருக்கும்.

அமைதியாக இருக்கும்போதும் வாய் திறந்திருந்தாலோ, வால் விடாமல் பம்பு அடித்தாலோ, அடியில் இறங்கி உட்கார்ந்திருந்தாலோ ‘நாளைக்குப் பார்ப்போம்’ என்று வைக்கவேண்டாம். அந்த மணித்தியாலமே அவசரம். மூக்கில் ஈரம், தும்மல் மட்டும் இருந்து தின்பதும் விளையாடுவதும் வழமைபோல் என்றால் ஒரு நாளுக்குள் காட்டினால் போதும்.

காரணங்கள் நம் வீட்டுக்குள்தான்

இந்தப் பகுதியை வாசிக்கும்போது உங்கள் வீட்டில் கூடு எங்கே தொங்குகிறது என்று நினைத்துக்கொண்டு வாசியுங்கள்.

குசினிக்குள்ளோ குசினி வாசலிலோ கூடு இருந்தால் இன்றைக்கே மாற்றுங்கள். நொன்-ஸ்டிக் தாச்சியை வெறுமையாக அடுப்பில் வைத்து மறந்தால், ஏறத்தாழ 280 பாகை செல்சியசுக்கு மேல் அதன் பூச்சிலிருந்து நிறமில்லாத வாயு வெளிவரும். நமக்கு ஒன்றும் தெரியாது. பட்ஜியின் நுரையீரல் நீர் கோத்து, சில நிமிடங்களிலேயே செத்துவிடலாம். ‘திடீரென்று’ என்ற சொல் உண்மையாகவே பொருந்துவது இப்படியான இடத்தில்தான். அப்போதும் காரணம் அடுப்பில் இருக்கிறது. நோன்பு மாதத்தில் அஸருக்குப் பிறகு எல்லா வீட்டுக் குசினியிலும் எண்ணெய் கொதிக்கிறது. கருகின எண்ணெய்ப் புகையும் பறவைக்குக் கூடாது.

வியாழன் பின்னேரம் சாம்பிராணி போடாத வீடு நம்மிடம் இல்லை. ஊதுபத்தி, ஊத் எல்லாம் அப்படித்தான். போடவேண்டாம் என்று நான் சொல்லவில்லை. போடுமுன் கூட்டை வெளி விறாந்தைக்கு மாற்றிவிட்டுப் போடுங்கள். புகை முழுக்கப் போன பிறகு உள்ளே எடுங்கள்.

நுளம்புச்சுருள் இரவு முழுக்க எரிகிறது. பிள்ளைகள் தூங்கும் அறையிலேயே கூடும் இருந்தால் அந்தப் புகையைப் பறவையும் எட்டு மணித்தியாலம் இழுக்கிறது. உங்கள் பிள்ளையும்தான். கூட்டுக்கு மேலால் மெல்லிய வலைத்துணி போட்டால் நுளம்பு கடிக்காது, சுருளும் தேவையில்லை.

மோட்டார் சைக்கிளை ஹோலுக்குள் ஏற்றி வைத்து, காலையில் உள்ளேயே ஸ்டார்ட் பண்ணிச் சூடாக்கும் பழக்கம் நம் வீடுகளில் இருக்கிறது. அந்தப் புகையில் இருப்பதும் சுரங்கத்துக் கனேரியைச் சாய்த்த அதே காபனோரொட்சைட்டுத்தான். கரண்ட் போனால் வாசலில் போடும் ஜெனரேட்டரும் அப்படியே.

சிகரட், பெயின்ட், தின்னர், கரப்பான் ஸ்ப்ரே, சென்ட் ஸ்ப்ரே, பாத்ரூம் கழுவும் அசிட், பக்கத்து வளவில் எரியும் பொலித்தீன் எல்லாம் இந்த வரிசையில் வரும். பெருநாளைக்கு வீட்டுக்குப் பெயின்ட் அடித்து, அதே கிழமையில் பறவையும் வாங்குகிறோம் என்பதைக் கொஞ்சம் யோசித்துப் பாருங்கள்.

அடுத்தது சாப்பாடு. தினை மட்டும் போட்டு வளர்த்தால் விற்றமின் ஏ போதாமல் போகும். அதனால் மூக்கு, தொண்டை உள்தோல் தடித்துக் கிருமி இலகுவாகப் பிடிக்கும். அயடீனும் போதாமல் போகும். நாட்டில் உப்புக்கு அயடீன் சேர்ப்பது ஏன் என்று பிள்ளைகளுக்குப் படிப்பிக்கிறோமே, கண்டக்கழலை, அது பட்ஜிக்கும் வரும். கழுத்துக்குள் தைரொயிட் சுரப்பி வீங்கி வாதனாளியை நசுக்கும். அப்போதுதான் அந்தக் கீச்சு மூச்சும் தின்றதை மேலே கொண்டுவருவதும் வரும். அதற்காக உப்பைக் கொடுத்துவிடாதீர்கள், உப்பு பறவைக்கு நஞ்சு. அயடீனை மிருக வைத்தியர் அளவு சொல்லித் தரவேண்டும். நாம் செய்யக்கூடியது தினையோடு நன்றாகக் கழுவிய முருங்கை இலை, பொன்னாங்காணி, துருவிய கரட் என்று தினமும் கொஞ்சம் வைப்பது. ஆனைக்கொய்யா, அதாவது அவகாடோ, ஒரு துண்டும் கொடுக்கக்கூடாது. அது பட்ஜிக்கு மூச்சு முட்டிச் சாகவைக்கும் பழம்.

தினையை ஈரமான இடத்தில் வைத்தால் பங்கசு பிடிக்கும். மாரி காலத்தில் கூட்டின் அடியில் ஈரக் கடதாசியும் எச்சமும் தினைக்கோதும் சேர்ந்து கிடந்தால் அங்கேயும் பிடிக்கும். அந்தத் தூளை இழுத்தால் காற்றுப்பைகளுக்குள்ளேயே பங்கசு வளரும். அதை மாற்றுவது லேசல்ல. மணந்து பாருங்கள். பூஞ்சணம் மணத்தால் காசு போனாலும் பரவாயில்லை, கொட்டிவிடுங்கள்.

பெட்டைப் பறவை முட்டை தள்ள முடியாமல் கஷ்டப்படும்போதும் மூச்சு வாங்கும், வால் ஆடும். இதுவும் அவசரம்தான்.

அந்த நேரத்தில் என்ன செய்வது?

முதலில் புகையோ மணமோ இருந்தால் கூட்டோடு தூக்கிக்கொண்டு வெளிக்காற்றுக்குப் போங்கள். வெயிலுக்கு அல்ல, நிழலுக்கு.

பிறகு மற்றப் பறவைகளிடமிருந்து பிரித்து, சின்னக் கூட்டிலோ காற்றோட்டத்துக்கு ஓட்டை போட்ட பெட்டியிலோ வையுங்கள். அடியில் துணி விரித்து, தடியைக் கீழே பதித்து, தண்ணீரும் தினையும் எட்டும் தூரத்தில் வையுங்கள். மூன்று பக்கம் துணியால் மூடுங்கள். பிள்ளைகள் சுற்றி நின்று பார்க்க விடாதீர்கள். அமைதிதான் அதற்கு முதல் மருந்து.

சூடு தேவை. வருத்தமான பறவைக்கு 30 பாகை அளவு நல்லது. நம் கரையோர ஊர்களில் பகலில் அது தானாகவே கிடைக்கும். மழை இரவிலும், மலைநாட்டில் இருப்பவர்களுக்கும் பழைய 40 வோட் மஞ்சள் பல்பைக் கூட்டின் ஒரு பக்கம் வெளியே வைக்கலாம். எல்ஈடி பல்ப் சூடு தராது. கூடு முழுவதையும் சூடாக்காமல் ஒரு பக்கத்தை மட்டும் சூடாக்குங்கள், தேவையென்றால் பறவை விலகிப் போகட்டும். வெக்கையால் இளைக்கும் பறவைக்கு இதைச் செய்யக்கூடாது.

செய்யக்கூடாதவை இதைவிட முக்கியம். ஏனென்றால் நம் அவசர வைத்தியத்தாலும் பறவைகள் சாகின்றன.

கையில் பிடித்து நெஞ்சை அமுக்காதீர்கள். மேலே சொன்னேனே, மார்பென்பு அசைந்தால்தான் அதற்கு மூச்சு. நாம் பாசத்தில் இறுக்கிப் பிடித்தால் கழுத்தில் கை வைக்காமலே மூச்சை நிறுத்துகிறோம்.

சொண்டைத் திறந்து தண்ணீரோ, தேனோ, கருஞ்சீரக எண்ணெயோ ஊற்றாதீர்கள். மூச்சு வாங்கும் பறவைக்கு அது வாதனாளிக்குள் போகும்.

வலிக்குத் தடவும் பாம் பூசாதீர்கள். ஆவி பிடிக்க வைக்காதீர்கள்.

பெனடோல் கொடுக்காதீர்கள். பாமசியில் ஒரு கப்சியூல் வாங்கி உடைத்துத் தண்ணீரில் கலக்காதீர்கள். 35 கிராம் உடம்புக்கு அளவு நம் கண்மட்டத்தில் வராது. வருத்தமான பறவை தண்ணீரும் குறைவாகத்தான் குடிக்கும். வந்திருப்பது பற்றீரியாவா, பங்கசா, கழலையா என்று தெரியாமல் கொடுக்கும் மருந்து, வருத்தத்தை மறைத்து நாளைத்தான் கடத்தும்.

மிருக வைத்தியரிடம் போகுமுன் பறவை மூச்சு வாங்குவதை அரை நிமிடம் போனில் வீடியோ எடுங்கள். அங்கே போனதும் பயத்தில் நேராக நின்றுகொண்டு ஒன்றுமில்லாதது போல் காட்டும். எச்சம் படிந்த கடதாசியையும் மடித்துக் கொண்டுபோங்கள். ஓட்டோவில் போனால் கூட்டைத் துணியால் மூடி, நேரடிக் காற்றுப் படாமல் மடியில் வைத்துக்கொள்ளுங்கள்.

‘குருவிக்கு எங்க டொக்டர்?’ என்று கேட்பார்கள். ஆட்டுக்கும் மாட்டுக்கும் கோழிக்கும் நாம் போகிறோமே, அந்த அரச மிருக வைத்திய அலுவலகத்தில் முதலில் கேளுங்கள். கோழியும் பறவைதான். அங்கே முடியாவிட்டால் எங்கே போகலாம் என்று அவர்கள் சொல்வார்கள். பேராதனைப் பல்கலைக்கழக மிருக வைத்திய பீடத்திலும் போதனா வைத்தியசாலை இருக்கிறது. தொலைபேசி இலக்கத்தை வருத்தம் வந்த இரவில் தேடாமல், பறவை வாங்கிய அன்றைக்கே எழுதிக் கூட்டுக்குப் பக்கத்தில் ஒட்டுங்கள்.

இது நம் பிள்ளைகளின் மூச்சும்தான்

கிளி இனப் பறவைகளிலிருந்து மனிதனுக்குத் தொற்றும் ஒரு பற்றீரியா நோய் இருக்கிறது. சிட்டகோசிஸ் என்பார்கள். காய்ந்த எச்சத்தின் தூளை இழுப்பதால் வரும். காய்ச்சல், தலையிடி, வரட்டு இருமல், சிலருக்கு நியூமோனியா. பறவை பார்வைக்கு நன்றாக இருக்கும்போதும் தொற்றலாம். பயந்து எல்லாவற்றையும் தூக்கி எறிய வேண்டியதில்லை. மருந்து இருக்கிறது. ஆனால் வீட்டில் யாருக்காவது அப்படிக் காய்ச்சல் வந்தால், ‘வீட்டில் கிளி வளர்க்கிறோம்’ என்று டொக்டரிடம் சொல்லுங்கள். சொல்லாவிட்டால் அவருக்கு அது தோன்றாமல் போகலாம். கூட்டைச் சுத்தம் செய்யும்போது கடதாசியைத் தண்ணீர் தெளித்து நனைத்துவிட்டு எடுங்கள், மாஸ்க் போடுங்கள், கையைக் கழுவுங்கள். பிள்ளைகள் சொண்டில் முத்தம் கொடுக்க விடாதீர்கள். கர்ப்பிணிகளும் வயது போனவர்களும் அந்த வேலையைச் செய்யவேண்டாம்.

புதிதாக வாங்கும் பறவையை ஏற்கனவே உள்ளவற்றோடு உடனே சேர்க்காமல் ஒரு மாதம் வேறு அறையில் வையுங்கள். கடையிலேயே ஐந்து நிமிடம் தள்ளி நின்று வாலையும் மூக்கையும் பாருங்கள். ஒரே கூட்டில் ஒன்று உப்பிக்கொண்டிருந்தால், பக்கத்தில் நல்லா இருப்பதையும் வாங்காதீர்கள்.

‘ஒரு குருவிக்கு இவ்வளவா?’

இதை நான் சொல்லும்போதெல்லாம் இரண்டு பதில் வரும்.

ஒன்று காசு. ‘பறவையின் விலையைவிட வைத்தியச் செலவு கூட, டீச்சர். அதுக்கு வேற ரெண்டு வாங்கலாம்.’ கணக்குச் சரிதான். கஷ்டமான காலம், எல்லோருக்கும் தெரியும். ஆனால் மேலே சொன்னவற்றில் பாதிக்கு மேல் காசில்லாத வேலை. கூட்டை இடம் மாற்றக் காசு வேண்டாம். தாச்சியை அடுப்பில் விட்டுவிட்டுப் போகாமல் இருக்கக் காசு வேண்டாம். வளவில் நிற்கும் முருங்கை இலைக்குக் காசு வேண்டாம். காலையில் ஒரு நிமிடம் பார்க்கக் காசு வேண்டாம். இவற்றையும் செய்ய முடியாதென்றால், வைத்தியச் செலவும் தாங்காதென்றால், வாங்காமல் இருப்பதுதான் நியாயம். வளர்த்தே ஆகவேண்டும் என்று நம்மை யாரும் கட்டாயப்படுத்தவில்லை.

இரண்டாவது, ‘அதுட ஆயுள் முடிஞ்சிட்டு, நாம என்ன செய்ய?’ ஆயுள் அல்லாஹ்வின் கையில். அதில் யாருக்கும் சந்தேகமில்லை. ஆனால் நம் பிள்ளைக்கு மூச்சு வாங்கினால் அப்படிச் சொல்லிவிட்டு உட்கார்ந்திருப்போமா? நெபுலைசருக்கு ஓடுகிறோம். ஓடுவதும் நம்மீது உள்ள பொறுப்புத்தானே. கூட்டின் கதவைப் பூட்டியது நாம். புகை வந்தால் அது பறந்து போகமுடியாது. பறந்து போக முடியாமல் செய்தவருக்குத்தான் பொறுப்பும்.

பூனையை அடைத்து வைத்து, தானும் தீனி போடாமல், அது போய்த் தேடித் தின்னவும் விடாத பெண்ணின் செய்தி நாம் சின்ன வயதிலிருந்தே மத்ரஸாவில் கேட்டது. சின்னக் குருவி ஒன்றை வைத்து விளையாடிய அபூ உமைர் என்ற சிறுவனின் செய்தியும் நமக்குத் தெரியும். அந்தக் குருவி செத்தபோது நபி ஸல்லல்லாஹு அலைஹி வஸல்லம் அவர்கள் அந்தச் சிறுவனிடம் குருவியைப் பற்றிக் கேட்டு அவன் கவலையை ஆற்றினார்கள். பறவை வளர்க்கலாம் என்பதற்கு உலமாக்கள் அந்தச் செய்தியை ஆதாரமாகக் காட்டுகிறார்கள். ஒரு ஆசிரியையாக எனக்கு அதில் இன்னொன்றும் தெரிகிறது. ஒரு சின்னப் பிள்ளையின் சின்னக் குருவி, கேட்டு விசாரிக்கப்படவேண்டிய விசயமாக இருந்திருக்கிறது.

அதனால்தான் ‘வேறு வாங்கித் தருகிறேன்’ என்ற வார்த்தையைச் சொல்லவேண்டாம் என்கிறேன். வாப்பா பாசத்தில்தான் சொல்கிறார். ஆனால் பிள்ளை அதிலிருந்து எடுத்துக்கொள்வது வேறு: உயிர் போனால் கடையில் இன்னொன்று இருக்கிறது. ஏன் செத்தது என்று யாரும் கேட்கவில்லை, அதனால் கேட்கத் தேவையில்லை. இப்படிப் படிக்கும் பிள்ளைக்கு ‘உயிரினங்களிடம் அன்பு காட்டுவோம்’ என்று நான் கரும்பலகையில் எழுதிக் காட்டுவதில் என்ன பிரயோசனம்?

அதற்குப் பதிலாகப் பிள்ளையைப் பக்கத்தில் உட்காரவைத்து, என்ன நடந்திருக்கும் என்று சேர்ந்து தேடுங்கள். கூடு எங்கே இருந்தது, அன்று என்ன சமைத்தோம், தினை எப்படி இருந்தது, வால் எப்போதிருந்து ஆடியது. அழுதால் அழ விடுங்கள். வளவில் ஒரு குழி தோண்டி இரண்டு பேரும் சேர்ந்து அடக்குங்கள். காரணம் தெரிந்து அதைத் திருத்திய பிறகு, வேண்டுமென்றால் இன்னொன்று வாங்கலாம்.

எல்லாம் செய்தும் சில பறவை சாகும். அவ்வளவு சின்ன உடம்பு, நமக்குத் தெரியவரும்போதே தாமதமாகியிருக்கும். அதற்காகக் கவலைப்படலாம், குற்றவுணர்வு தேவையில்லை. பார்க்க முடியவில்லை என்பதற்காகக் கூட்டைத் திறந்து பறக்க விடுவதும் நன்மையல்ல. கூட்டில் பிறந்த பறவைக்கு இரை தேடத் தெரியாது. வாசல் தாண்டுமுன் காகம் கொத்திவிடும். பராமரிக்கக்கூடிய ஒருவருக்குக் கொடுங்கள்.

வருகிற பெருநாளைக்கு லவ் பேர்ட்ஸ் வாங்க நினைத்திருப்பவர்களிடம் ஒரு வேண்டுகோள். பறவையைப் பிள்ளைக்கு வாங்குங்கள், ஆனால் பொறுப்பை ஒரு பெரியவர் பெயரில் எழுதுங்கள். உம்மாவோ, வாப்பாவோ, வீட்டில் இருக்கும் உம்மம்மாவோ. சுபஹுக்குப் பிறகு தேத்தண்ணி குடிக்கும்போது கூட்டைத் தள்ளி நின்று ஒரு நிமிடம் பார்ப்பது அவருடைய வேலை. பக்கத்தில் பிள்ளையையும் நிற்க வையுங்கள். வால் ஆடுகிறதா என்று அந்தப் பிள்ளையிடமே கேளுங்கள். அவர்களின் கண் நம்மைவிடக் கூர்மை.

கூடு வைத்திருக்கும் ஒரு வீட்டுக்காவது இதை அனுப்புங்கள்.